கவிஞர் குளிக்காத ஆறு

எனக்குப் பெயர் வாங்கித் தந்தது ஒரே ஒரு கட்டுரை. எழுபதுகளின் நடுவில், நாமக்கல் பக்கம் ஒரு கல்லூரியில் தமிழ் நடத்திக்கொண்டிருந்தபோது, ஆத்தூர்க் கவிஞர் ஒருவரைப் பற்றிச் சிற்றிதழ் ஒன்றில் எழுதினேன். அவர் அரிசி ஆலையில் வேலை பார்த்தவர். ஒரே தொகுப்புதான் வெளிவந்திருந்தது; அதில் பாதிக்கு மேல் காவிரி. விடியற்காலையில் படித்துறையில் இறங்கும்போது தண்ணீரின் சில்லிப்பு கணுக்காலிலிருந்து முதுகுவரை ஏறுவதாக ஒரு கவிதையில் வரும். அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன். சிறுவயதில் காவிரியில் குளித்தவனைத் தவிர வேறு யாராலும் இதை எழுத முடியாது என்று அடித்துச் சொன்னேன். அவருடைய அம்மாவின் ஊர் ஆற்றங்கரையில் இருந்திருக்க வேண்டும் என்றுகூட ஊகித்தேன்.

கவிஞரைக் கேட்கவில்லை. கவிதை கையில் இருக்கும்போது கவிஞனை எதற்குக் கேட்பது என்பது அன்றைக்கு என் கொள்கை. திமிர் என்றும் சொல்லலாம். கட்டுரையை எல்லோரும் மெச்சினார்கள். மாணவர்கள் அதை மனப்பாடம் செய்து தேர்வில் எழுதினார்கள். நானே மார்க்கும் போட்டேன்.

அதற்குப் பிறகு இரண்டு கவிஞர்களின் வாழ்க்கை வரலாறுகளை எழுதினேன். இருவருமே காலமானவர்கள். மறுத்துப் பேச ஆளில்லாததால் வேலை சுகமாக முடிந்தது. எண்பதுகளில் ஒரு பதிப்பாளர் ஆத்தூர்க் கவிஞரின் வரலாற்றைக் கேட்டபோதுதான், உயிரோடிருக்கும் ஒருவர் முன்னால் நோட்டும் பேனாவுமாகப் போய் உட்கார்ந்தேன்.

“சின்ன வயசுல எந்தப் படித்துறையில குளிப்பீங்க?” என்பதுதான் முதல் கேள்வி. கவிஞர் மின்விசிறியைப் பார்த்தார். காபி கொண்டுவந்த அவர் மனைவி சிரித்துவிட்டார்.

“இவுங்களாங்க? முழங்கால் தண்ணியப் பாத்தாலே தலை சுத்துமுங்க இவுங்களுக்கு. எங்கூட்டுக்கு வந்தாக்கூட படித்துறைப் பக்கம் எட்டிப் பாக்கமாட்டாங்க.”

அந்த அம்மாள் காவிரிக்கரைப் பள்ளிபாளையத்துக்காரர். கல்யாணமாகி ஆத்தூருக்கு வந்தால், இங்கே ஓடும் ஆற்றில் வருஷத்தில் பாதி நாள் மணல்தான். ஏக்கத்தில் தினமும் சாயங்காலம் கணவரிடம் காவிரியைப் பற்றியே பேசியிருக்கிறார். துணி துவைத்தது, வெள்ளம் படியேறி வந்தது, மீன் காலைக் கடித்தது எல்லாம். கேட்டுக்கேட்டு அவர் கவிதையாக்கிவிட்டார்.

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. “இத்தனை வருஷத்துல ஒரு கார்டு போட்டுச் சொல்லியிருக்கக் கூடாதா?”

“நீங்க அவ்ளோ அழகா எழுதியிருந்தீங்க சார்” என்றார் கவிஞர். “படிச்சப்போ எனக்கே நான் அங்க குளிச்சு வளந்தவன் மாதிரி ஆயிடுச்சு. அதைக் கெடுக்க மனசு வரலை. இப்பவும் அப்படியே இருக்கட்டுமே, யாருக்குத் தெரியப்போவுது?”

அந்த யோசனை எனக்கும் பிடித்துத்தான் இருந்தது. கிளம்பும்போது வாசல்வரை வந்த அந்த அம்மாள்தான் கேட்டார்: “ஏனுங்க சார், புஸ்தகத்துல நான் வருவனுங்களா?”

“பாக்கலாம்மா” என்று நழுவிவிட்டேன்.

சேலம் பஸ்ஸில் உட்கார்ந்த பிறகு அந்தக் கேள்வி என்னை விடவில்லை. அவர் புத்தகத்தில் வந்தால் என் கட்டுரை போய்விடும். கட்டுரை நின்றால் அவருக்கு ‘திருமணம் நடந்தது’ என்று ஒரு வரிதான். முந்தைய இரண்டு புத்தகங்களிலும் கவிஞர்களின் மனைவிமாருக்கு அந்த ஒரு வரியைத்தான் கொடுத்திருந்தேன். இருவர் வீட்டிலும் போய்க் காபி குடித்திருக்கிறேன்; அவர்களிடம் ஒரு கேள்வி கேட்டதில்லை. வெட்கமாக இருந்தது.

‘இந்தக் கவிஞரின் ஆற்றைப் பற்றி நான் முன்பு எழுதியது தவறு’ என்று அந்த அம்மாளுக்கான அத்தியாயத்தைத் தொடங்கினேன். அந்த ஒரு வாக்கியத்துக்கு ஒரு வாரம் பிடித்தது. மீதியெல்லாம் தானாக வந்தது. இரண்டு முறை ஆத்தூர் போய் அந்த அம்மாளைப் பேசச்சொல்லிக் கேட்டு எழுதினேன். என் எழுத்து வேலையிலேயே சந்தோஷமான நாட்கள் அவைதான்.

பொங்கலுக்கு இருவரும் பள்ளிபாளையம் வந்திருந்தபோது கையெழுத்துப் பிரதியோடு போனேன். படித்துறையில் வைத்துத்தான் படிக்க வேண்டும் என்றார் அந்த அம்மாள். விடிந்தும் விடியாத குளிரில், அவருடைய அத்தியாயத்தை உரக்கப் படித்தேன். கன்னத்தில் கைவைத்துக் கடைசிவரை கேட்டார்.

“எல்லாஞ் செரிங்க. அந்தத் தண்ணி சில்லுனு ஏறுச்சுங்கறது மட்டும் நாஞ் சொன்னதில்லீங்க. காலங்காத்தால ஆத்துத் தண்ணி வெதுவெதுன்னுதான் இருக்கும். அது இவுங்களாப் போட்டுக்கிட்டது.”

என் பழைய கட்டுரைக்கு இருந்த ஒரே சாட்சி அந்தச் சில்லிப்பு. ராசிபுரம் பக்கம் கிணற்றில் குளித்து வளர்ந்த நான் அதை நம்பி, பத்து வருஷம் பாடமும் நடத்தியிருந்தேன். பிரதியை அவர் கையில் கொடுத்துவிட்டு, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு இறங்கினேன்.

மேல்படியிலேயே நின்றுகொண்ட கவிஞர், “எப்படி சார் இருக்கு?” என்று குரல் கொடுத்தார்.

முழங்கால்வரை நின்று பார்த்தேன். “அம்மா சொன்னதுதாங்க சரி” என்று கத்தினேன்.