நின்றுகொண்டிருந்த அதிகாரி

நான் சிங்கப்பூரில் தங்கும் அனுமதி முடியப்போகிறது, நீட்டிக்க விண்ணப்பிக்கட்டுமா என்று மகள் மூன்றாவது முறையாகக் கேட்டாள். நாளை சொல்கிறேன் என்றேன். மறுநாள் மதுரையில் என் வழக்கு வருவதை அவளிடம் சொல்லவில்லை. இன்னுமா அந்தக் கேஸ் என்று மருமகன் சிரிப்பார்.

அவர்கள் வீடு சுவா சூ காங்கில். பேரனின் அறையில் ஈரடுக்குக் கட்டிலின் கீழ்த்தட்டு எனக்கு. யாரும் குறை வைக்கவில்லை. ஆனால் முடிவெட்டிக்கொள்ளவும் மகளிடம் கேட்க வேண்டும். ஓய்வூதியம் வந்தால் திருச்சிக்கே போய்விடலாம். உறையூரில் இரண்டு அறை போர்ஷன் ஒன்றை, மாதக் கடைசிவரை வேறு ஆளுக்கு விட வேண்டாமென்று சொல்லி வைத்திருந்தேன்.

நான் வேலை பார்த்த அரசு நிறுவனம், என் பத்தொன்பது ஆண்டுகளில் பதினொன்றைத் தற்காலிகம் என்று தள்ளி, மீதி எட்டுக்கு ஓய்வூதியம் கிடையாது என்றது. எல்லாவற்றையும் சேர்த்துக் கணக்கிட்டுப் பன்னிரண்டு வாரத்தில் கொடுக்க நீதிமன்றம் உத்தரவிட்டது. கொடுக்கவில்லை. அதனால் நீதிமன்ற அவமதிப்பு வழக்கு. அதை அதிகாரியின் நாற்காலி மேல் போட முடியாது. கெடு முடிந்த அன்று அதில் உட்கார்ந்திருந்த மனிதரின் பெயரில்தான் போட வேண்டும். அவருக்குப் பிறகு இரண்டு பேர் அந்த நாற்காலிக்கு வந்துவிட்டார்கள்.

தேக்கா கடைத்தெருவில் பயணப்பெட்டி விற்கும் பாய் எனக்கு நண்பர். அவர் கடையில் உட்கார்ந்து கைபேசியில் விசாரணையைப் பார்ப்பேன். அங்கே பத்தரை என்றால் இங்கே ஒரு மணி.

"உங்க கோர்ட்டு என் கடையைவிட லேட்டா தொறக்குது லா, சார்," என்று தேநீரை வைத்தார்.

திரையில் பதினேழு முகங்கள். என் வழக்கை அழைத்தபோது பதினெட்டாவதாக, நான் யார் பெயரில் வழக்குப் போட்டிருந்தேனோ அந்த அதிகாரி வந்தார். பதவியில் இருந்தபோது அவரை ஒரு முறைகூட நான் பார்த்ததில்லை. என்னைவிட இளையவர், ஆனால் கன்னம் ஒட்டிப்போயிருந்தது. உடல்நிலை காரணமாகக் காணொளியில் வர அனுமதி வாங்கியிருந்தார். நீதிபதி பெயரைச் சொன்னதும் எழுந்து நின்றுவிட்டார். முகம் திரைக்கு மேலே போய்விட்டது. தெரிந்ததெல்லாம் சட்டை மட்டும்தான். ஐந்து பொத்தான்கள், நான்காவது வேறு நிறம்.

அந்தச் சட்டையிலிருந்து குரல் வந்தது. எனக்குக் கொடுக்கச் சொல்லிக் கோப்பில் தான் பரிந்துரை எழுதி மேலே அனுப்பியதாகவும், பதில் வருமுன் தன்னை இடம் மாற்றிவிட்டார்கள் என்றும் சொன்னார். இப்போது ஓய்வு பெற்றாயிற்று. இந்த வழக்கு நிலுவையில் இருப்பதால் அவருடைய ஓய்வூதியத்தையும் நிறுத்தி வைத்திருக்கிறார்கள்.

இவரை விடுவிக்கச் சம்மதமா, மனுதாரரிடம் கேட்டுச் சொல்லுங்கள் என்று நீதிபதி வழக்கைச் சற்றுத் தள்ளி வைத்தார். உடனே என் வக்கீல் அழைத்தார்.

"ஐயா, அவரை விட்டுட்டா இப்ப இருக்கிறவரைச் சேர்த்துப் புதுசா நோட்டீஸ் போடணும். மறுபடி முதல்லேருந்து. விடலேன்னா, அவரைக் காப்பாத்தவாவது டிபார்ட்மென்ட் ஏதாவது செய்யும். என்ன சொல்லட்டும்?"

முதலிலிருந்து என்றால் எனக்கு எத்தனை வயதாகியிருக்கும் என்று கூட்டிப் பார்த்தேன்.

"விட வேண்டாம்," என்றேன்.

மறுபடி அழைத்தபோது அவர் இன்னும் நின்றுகொண்டுதான் இருந்தார். என் பதிலை வக்கீல் ஆங்கிலத்தில் சொன்னார். அந்தப் பொத்தான்கள் ஒருமுறை மேலேறி இறங்கின. நிறுவனத்தின் வக்கீல் அவகாசம் கேட்டார். கோடை விடுமுறைக்குப் பிறகு என்று தள்ளி வைத்தார்கள். திரை அணைந்தது.

பாய் ஒரு பெட்டியின் சக்கரத்தை உருட்டிப் பார்த்தபடி சொன்னார்:

"அந்த ஆளோட பென்ஷன் இப்ப உங்க மேசையில கிடக்குது. நீங்களும் ஆபீசர் ஆயிட்டீங்க, சார்."

என் வழக்கு உங்களுக்குத் தெரியாதா என்று கேட்டேன். தெரியும் என்றார். தேநீர் ஆறிப்போயிருந்தது, அப்படியே குடித்தேன்.

புக்கிட் பாஞ்சாங்வரை ரயில், அங்கிருந்து எல்ஆர்டி என்ற குட்டி ரயில். அவர் எழுதியதாகச் சொன்ன பரிந்துரை உண்மையாக இருக்குமா என்றுதான் வழியெல்லாம் யோசித்தேன். உண்மை என்றே தோன்றியது. அப்படியும் வக்கீலை நான் திரும்ப அழைக்கவில்லை.

வீட்டுக்குக் கீழே நின்று உறையூர் வீட்டுக்காரரிடம் பேசினேன். போர்ஷனை வேறு ஆளுக்கு விட்டுவிடுங்கள் என்றேன். அவர் காரணம் கேட்கவில்லை.

மகள் சமையலறையில் இருந்தாள். "விண்ணப்பிச்சிடும்மா," என்றேன்.

"எத்தனை வருஷத்துக்குப்பா?"

அதிகபட்சம் எவ்வளவு கொடுப்பார்களோ, அவ்வளவுக்கு என்றேன்.