ஐந்து பிரதி, ஐந்து கொலைகாரர்கள்

பர்பாங்க் நகரில் லோர்னா விஸ்னீவ்ஸ்கி கொன்ற ஆட்களின் எண்ணிக்கை இருநூற்றுப் பன்னிரண்டு. எல்லாம் காகிதத்தில்தான். ஆனாலும் அவர் வீட்டு விருந்துக்குப் போகிறவர்கள், அவர் முதல் வாய் சாப்பிடும்வரை முள்கரண்டியைத் தொடுவதில்லை என்று ஊரில் பேச்சு.

டொலீடோவில் நீதிமன்றத் தட்டச்சராக இருந்தவர். பதினோரு வருடம் சாட்சிகளின் பொய்யை ஓர் எழுத்துப் பிசகாமல் அடித்து அடித்து, உண்மை சொல்கிறவர்களைக் கண்டாலே அவருக்குச் சந்தேகம் வரத் தொடங்கிவிட்டது. அந்தச் சந்தேகத்தை மூட்டை கட்டிக்கொண்டு கலிபோர்னியா வந்தார். முதலில் எழுத்தாளர்களுக்குக் காபி வாங்கிக் கொடுத்தார், பிறகு எழுதினார், ஐம்பது வயதில் தன் தொலைக்காட்சிக் கொலைத் தொடருக்குத் தானே தயாரிப்பாளரும் ஆனார். சூரியன் கிழக்கில்தான் உதித்ததா என்று தினமும் ஒருமுறை எட்டிப் பார்ப்பாராம்.

ஒன்பதாவது சீசனில் பிடித்தது சனி. கொலைகாரன் யார் என்பது, ஒளிபரப்புக்கு முன்பே ஒரு ரசிகர் இணையப் பக்கத்தில் இரண்டு முறை வந்துவிட்டது. கடைசி அத்தியாயத்திலும் அப்படி நடந்தால் பத்தாவது சீசன் கிடையாது என்று சேனல்காரர்கள் கறாராகச் சொல்லிவிட்டார்கள்.

லோர்னா தன் ஐந்து எழுத்தாளர்களுக்கும் கடைசி அத்தியாயத்தை ஆளுக்கொரு பிரதியாகக் கொடுத்தார். ஒவ்வொன்றிலும் கொலைகாரன் வேறு. எந்தப் பெயர் வெளியே வருகிறதோ, அந்தப் பிரதிக்காரர் மாட்டுவார். உண்மைக் கொலைகாரரான கால்நடை மருத்துவரை மட்டும் எந்தத் தாளிலும் எழுதவில்லை. திங்கட்கிழமை அந்தக் காட்சியைப் படமெடுக்கும்வரை மண்டைக்குள்ளேயே பூட்டி வைத்தார்.

குற்றக்கதை எழுதிப் பிழைக்கிறவர்களிடமா இந்த வித்தை? மத்தியானத்துக்குள் ஐந்து பேரும் மோப்பம் பிடித்துவிட்டார்கள். அவர்களில் மூத்தவரான டெஸ்மண்ட் தன் பிரதியை மேசையில் வீசினார்.

"எனக்குப் பாதிரியாரக் குடுத்திருக்கீங்க லோர்னா. அத நம்பற அளவுக்கு நான் முட்டாளா?"

"வெளிய போய்ச் சொல்ற அளவுக்கு முட்டாளான்னுதான் பாக்கறேன்."

அதன் பிறகு அந்த அறையில் யாரும் தங்கள் சாண்ட்விச்சை மேசையில் வைத்துவிட்டு வெளியே போகவில்லை.

வெள்ளிக்கிழமை ரசிகர் பக்கத்தில் பெயர் வந்தது. பாதிரியார் இல்லை, மற்ற நால்வரும் இல்லை. கால்நடை மருத்துவர்.

சனி, ஞாயிறு இரண்டு நாளும் லோர்னா, ஒட்டுக்கேட்கும் கருவி ஏதாவது இருக்கிறதா என்று வீட்டு விளக்குகளைக் கழற்றிப் பார்த்தார். மயக்க ஊசியில் உளறிவிட்டோமோ என்று பல் டாக்டரைக்கூடச் சந்தேகித்தார்.

அவருக்கு ஒரு பழக்கம் உண்டு. எழுதப்போகும் வசனத்தை வாய்விட்டுச் சொல்லிப் பார்ப்பார். ஸ்டுடியோ வாசலில் கார்கள் வரிசையாக ஊரும் அந்தப் பத்து நிமிடத்தில், அழுகை உட்பட மொத்தத்தையும் நடித்து முடித்துவிடுவார். அடையாள அட்டையை நீட்டுவதற்காகக் கண்ணாடியும் இறங்கியிருக்கும்.

திங்கட்கிழமை காலை அவர் வாயைத் திறக்கவில்லை. காவலாளி ஆர்வில் டிப்ஸ் கவலையோடு குனிந்தார்.

"என்ன மேடம், இன்னிக்கு டாக்டரோட வாக்குமூலம் இல்லையா? போன வாரம் நல்லா அழுதீங்களே."

லோர்னா கார் எஞ்சினை அணைத்தார்.

"அந்த ரசிகர் பக்கம்... நீங்களா?"

"நானும் என் வீட்டுக்காரியும். எனக்காகத்தான் நடிச்சுக் காட்டறீங்கன்னு நெனச்சேன் மேடம்."

"என் தொடரையே காலி பண்ணிட்டீங்க ஆர்வில்."

"ஏன் காலி ஆகணும்? டாக்டர விடுங்க. அவரோட அக்கா இருக்காங்களே? செத்தவன் வீட்டுக்கு வந்ததே இல்லன்னு சொன்னவங்க, நாலாவது அத்தியாயத்துல அவன் சமையலறைக்குள்ள வந்ததும் இருட்டுல தேடாமயே சுவிட்சப் போட்டாங்க. எழுதினது நீங்கதானே."

எழுதியது அவர்தான். யோசிக்காமல் எழுதியது. இரண்டு மணிக்குள் காட்சியை மாற்றி எழுதி, மாலைக்குள் படமெடுத்துவிட்டார். மூன்று வாரம் கழித்து ஒளிபரப்பில் அக்காவின் கையில் விலங்கு ஏறியது. ரசிகர் பக்கம் சொன்னது பொய்யாயிற்று. பத்தாவது சீசன் கைக்கு வந்தது.

மறுநாள் வாசலில் ஆர்வில் திருப்பி நீட்டிய அட்டையை லோர்னா வாங்கிக்கொள்ளவில்லை.

"ஆர்வில், அக்காதான்னு உங்களுக்கு எப்பத் தோணிச்சு?"

"நாலாவது அத்தியாயம் பாத்தப்பவே மேடம்."

"அப்ப டாக்டர் பேரப் பக்கத்துல போட்டது, நான் முடிவ மாத்தணும்னுதானே?"

ஆர்வில் அட்டையை அவர் மடியில் வைத்துவிட்டுத் தடுப்புக் கம்பத்தை உயர்த்தினார்.

"பின்னால வண்டி நிக்குது மேடம்."