பின்னுக்குத் தள்ளிய சிப்பாய்

யாருக்காவது என்னை அறிமுகப்படுத்தும்போது எங்கள் சதுரங்க மன்றத் தலைவர் ஒரு வரியை விடாமல் சேர்ப்பார்: இவர் ஒரு கிராண்ட்மாஸ்டரையே ஜெயித்தவர். கேட்பவர்கள் புருவத்தை உயர்த்துவார்கள். அதெல்லாம் ஒன்றுமில்லை என்று நான் கையை ஆட்டுவேன். தன்னடக்கம் என்று நினைத்துக்கொள்வார்கள். அந்தப் பேச்சில் உண்மை என்று இருப்பது நான் சொல்லும் அந்த ஒரு வாக்கியம்தான்.

நான் ஜெயிக்கவில்லை, திருடினேன். ஏழு வருடமாக இதை ஒருவரிடமும் சொன்னதில்லை. ஞாயிறு பூசைக்குத் தவறாமல் போகிறவன் நான். மனைவியிடம் எரிந்து விழுந்தது, காய்ச்சல் இல்லாமலே மெடிக்கல் லீவு எடுத்தது எல்லாவற்றையும் பாவசங்கீர்த்தனத்தில் சொல்லியிருக்கிறேன். இதை மட்டும் சொல்லவில்லை. சொன்னால், போய் அந்த மனிதரிடம் சொல் என்று பாதர் சொல்லிவிடுவார். அந்தப் பயம்தான்.

அந்த மனிதர் சென்னைக்காரர். தேக்காவுக்குப் பக்கத்தில் இருக்கும் எங்கள் மன்றம் அவரை அழைத்திருந்தது. மன்றத்தின் செயலாளர் நான் என்பதால் சாங்கி விமான நிலையத்துக்குப் போய்க் கூட்டி வந்தேன். டாக்சி பிடித்திருக்கலாம். சிக்கனமான செயலாளர் என்று பெயர் வாங்கும் அற்பப் புத்தியில் பெட்டியும் கையுமாக அவரை எம்ஆர்டி ரயிலில் ஏற்றினேன். அவர் பெட்டியை முழங்காலுக்கிடையில் இடுக்கிக்கொண்டு பேசிக்கொண்டே வந்தார்.

கிராண்ட்மாஸ்டர் பட்டம் வாங்க, மூன்று பெரிய போட்டிகளில் ஒரு குறிப்பிட்ட தரத்துக்கு மேல் ஆடிக் காட்ட வேண்டும். அவருக்கு முதல் இரண்டும் சுலபமாகக் கிடைத்திருக்கின்றன. மூன்றாவது, அரைப் புள்ளியில் இரண்டு தடவை கைநழுவிப் போயிருக்கிறது. கடைசியில் ஐரோப்பாவில் ஏதோ ஒரு குளிரான ஊரில் கிடைத்தபோது கடைகள் எல்லாம் அடைத்திருந்தன. பையிலிருந்த ரொட்டியையும் வாழைப்பழத்தையும் தின்று கொண்டாடினாராம். அப்போது வயது இருபத்து நான்கு. இனி எல்லாம் மாறிவிடும் என்று நினைத்திருக்கிறார். ஆனால் அதற்குள் அவர் ஊரில் மீசை முளைக்காத பிள்ளைகள் எல்லாம் கிராண்ட்மாஸ்டர் ஆகத் தொடங்கிவிட்டார்கள். பட்டத்தை மட்டும் பார்த்து யாரும் கூப்பிடுவதில்லை. வெளிநாடு போய் ஆடினால்தான் தரவரிசையில் நிற்கலாம், வெளிநாடு போகப் பணம் வேண்டுமென்றால் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தாக வேண்டும்.

எங்கள் மன்றம் ஜூன் விடுமுறையில் இரண்டு வாரப் பயிற்சி முகாம் நடத்தும். அது வருடா வருடம் தனக்கென்று உறுதியானால் ஐரோப்பாவில் இரண்டு போட்டிகளாவது ஆடலாம் என்று கணக்குப் போட்டு வைத்திருந்தார். வயது முப்பத்தெட்டு.

"இன்னும் ரெண்டு மூணு வருஷந்தான் சார் ஆட முடியும். அதுக்குள்ள ஒரு தடவையாவது முழுசா ஆடிப் பாத்துடணும்," என்றார்.

எனக்கு அவர்மேல் இரக்கம் வந்திருக்க வேண்டும். வந்தது பொறாமை. பள்ளிக்கூடத்தில் நானும் சாம்பியன்தான். இது சோறு போடாது என்று அப்பா சொன்னதைக் கேட்டு, கப்பல் கம்பெனியில் சரக்குப் பத்திரங்களோடு உட்கார்ந்தவன். சோறு போடாத அந்த ஆட்டத்தை விடாமல் பிடித்துக்கொண்டிருக்கும் ஒருவர் எதிரே உட்கார்ந்திருந்தார்.

மறுநாள் சனிக்கிழமை. முகாமை அவரிடம் கொடுக்கலாமா என்று மன்றக் கமிட்டி பார்ப்பதற்காக ஒரு காட்சி ஆட்டம் வைத்திருந்தோம். லாடம் மாதிரி மேசைகளைப் போட்டு, இருபது பலகைகளில் இருபது பேர் உட்கார்ந்தோம். அவர் உள்பக்கமாக நடந்துகொண்டே ஒவ்வொரு பலகையிலும் ஒரு காய் நகர்த்துவார். அவர் சுற்றி வரும்வரை நாம் யோசிக்கலாம், ஆனால் அவர் நம் முன்னால் வந்து நின்ற பிறகுதான் காயைத் தொட வேண்டும். விதி அவ்வளவுதான். நம்பிக்கையில் நடக்கிற ஆட்டம்.

ஒன்றரை மணி நேரத்தில் பெரும்பாலானவர்கள் கை குலுக்கி எழுந்துவிட்டார்கள். நான் மட்டும் நன்றாக ஆடிக்கொண்டிருந்தேன். அதை இன்றும் அடித்துச் சொல்வேன். அவருடைய ராஜா மூன்று சிப்பாய்களுக்குப் பின்னால் அடைபட்டுக் கிடந்தது. என் யானை கடைசி வரிசைக்குள் இறங்கினால் ஆட்டம் முடிந்தது. அவர் வந்தார், பார்த்தார், ஓரத்துச் சிப்பாயை ஒரு கட்டம் முன்னால் தள்ளினார். ராஜா வெளியேற வழி பிறந்துவிட்டது. என் தாக்குதல் அதோடு சரி. இன்னும் ஏழெட்டு நகர்த்தலில் நானும் கை குலுக்க வேண்டியதுதான். வழக்கம்போல அவர் நகர்த்தியதை என் தாளில் எழுதிக்கொண்டேன்.

அப்போது டீ வந்தது. எனக்குப் பின்னால் நின்ற என் மனைவி உட்பட எல்லோரும் வடைத் தட்டைப் பார்த்து நகர்ந்தார்கள். அவர் கோடியில் ஒரு பலகையின் மேல் குனிந்திருந்தார். நான் ஆள்காட்டி விரலால் அந்தச் சிப்பாயைப் பழைய இடத்துக்கே தள்ளினேன். மேசையில் கிடக்கும் துணுக்கைத் தட்டிவிடுகிற நேரம்கூட ஆகவில்லை.

அவர் வந்ததும் யானையை இறக்கினேன்.

அவர் உடனே கையை நீட்டவில்லை. சிப்பாயைப் பார்த்தார். பிறகு என் முழங்கைக்குப் பக்கத்தில் கிடந்த தாளைப் பார்த்தார். அவர் சிப்பாயை முன்னால் தள்ளியது அதில் என் கையெழுத்திலேயே இருந்தது. எனக்கு அது அப்போதுதான் உறைத்தது. பிறகு அவர் என் முகத்தைப் பார்த்தார். தலைவர் டீக் கோப்பையோடு பக்கத்தில் வந்து, என்ன ஆச்சு என்று கேட்டார்.

"நான் தோத்துட்டேன் சார்," என்று சொல்லி அவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

கைதட்டினார்கள். மனைவி படம் எடுத்தாள். அந்தப் படத்தில் நான் சிரித்துக்கொண்டிருக்கிறேன்.

மறுநாள் ரேஸ் கோர்ஸ் சாலையில் ஓர் உணவகத்தில் அவருக்கு வாழையிலைச் சாப்பாடு. கமிட்டிக்காரர்கள் அவருடைய ஞாபகசக்தியைச் சோதித்துக்கொண்டிருந்தார்கள். பலகை இல்லாமல், ரசம் சாதத்துக்கு நடுவே, நேற்றைய ஆட்டங்களை முதலிலிருந்து கடைசிவரை ஒவ்வொன்றாக ஒப்பித்தார். யாரோ என் ஆட்டத்தைக் கேட்டார்கள். சொல்லிக்கொண்டே வந்தவர் அந்தச் சிப்பாய்க்கு முந்தின நகர்த்தலில் நின்றார்.

"அதுக்கப்புறம் சரியா ஞாபகம் இல்ல சார்," என்றார், இலையைப் பார்த்துக்கொண்டே.

தோற்ற ஆட்டம் யாருக்குத்தான் ஞாபகம் இருக்கும் என்று எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அவர் ஏன் என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை என்பது அந்த இலைக்கு முன்னால்தான் புரிந்தது. முகாமுக்கு அழைப்புக் கடிதம் எழுத வேண்டியவன் நான். செயலாளர் காயை நகர்த்தினார் என்று சொல்லிவிட்டு எந்த ஆட்டக்காரர் திரும்பி வர முடியும்? தன் தோல்வியை முகாமுக்கு விலையாகக் கொடுத்திருந்தார்.

அந்த விலைக்கும் முகாம் கிடைக்கவில்லை. அடுத்த கூட்டத்தில் தலைவர் பேச்சை ஆரம்பித்தார்.

"நம்ம செகரட்டரிகிட்டயே தோத்துட்டாருலா. பேரண்ட்ஸ் கேட்டா என்ன சொல்றது? இன்னும் நல்ல ரேட்டிங் உள்ள ஆளாப் பாப்போம்."

எல்லோரும் என்னைப் பெருமையாகப் பார்த்தார்கள். எனக்கு வாய் இருந்தது. ஒரு வாக்கியம் போதும், அவருக்கு முகாம் கிடைத்திருக்கும். வேறொருவரை அழைப்பது என்று கூட்டக் குறிப்பில் நானே எழுதினேன்.

அவர் பெயரை இணையத்தில் அவ்வப்போது தேடிப் பார்ப்பேன். அதற்கடுத்த வருடத்திலிருந்து அவர் எந்தப் போட்டியிலும் ஆடியதாகக் காணோம். சென்னையில் ஒரு பள்ளிக்கூடத்தில் சதுரங்கம் சொல்லிக்கொடுக்கிறார் என்று கேள்வி. வேறு காரணங்கள் இருக்கலாம் என்று என்னைச் சமாதானப்படுத்திக்கொள்கிறேன். ஒரு நிமிடத்துக்கு மேல் அது நிற்பதில்லை.

அவர் கடைசியாக எனக்கு எழுதியதையும் சொல்லிவிடுகிறேன். வேலை முடிந்து எம்ஆர்டியில் சுவா சூ காங்குக்குத் திரும்பிக்கொண்டிருந்தேன். புக்கிட் பாத்தோக் ஸ்டேஷனைத் தாண்டும்போது, முகாம் பற்றி முடிவாகிவிட்டதா என்று கேட்டு அவரிடமிருந்து செய்தி வந்தது. வேறொருவரை அழைத்துவிட்டார்கள் என்று எழுதினேன். பதில் வந்தது.

"அன்னிக்கு நான் தோத்ததாலயா சார்?"

அவர் தோற்கவில்லை என்று உலகத்தில் இரண்டு பேருக்குத்தான் தெரியும். அந்த இரண்டாவது ஆளிடம்தான் கேட்டிருந்தார். சொல்வதற்கு இடம் கொடுத்திருந்தார். இல்லை, தப்பு என்மேல்தான் என்று தட்டினேன். அழித்தேன். மறுபடி தட்டினேன். வீடு இருக்கும் ஸ்டேஷன் வந்துவிட்டது. பிளாட்பாரத்தில் இறங்கி நின்று, ஆமாம் சார், கமிட்டியில் அப்படித்தான் நினைக்கிறார்கள் என்று அனுப்பினேன்.

"புரியுது சார். பரவால்ல. நீங்க நல்லாத்தான் ஆடினீங்க," என்று உடனே பதில் வந்தது.

நன்றி சார் என்று எழுதி அனுப்பினேன்.