சிவனம்மாள் ஏசிய பஞ்சமி

சிவனம்மாளுக்குக் கோபம் வந்தால் மல்லிகைச் செடிகூட ஒரு நாள் தள்ளித்தான் பூக்கும் என்று நான் சொல்வதுண்டு. அவள் காதுபடச் சொன்னதில்லை. பதினெட்டு வருஷமாக அவளுக்குப் பக்கத்து வயல்காரன் நான். உயிரோடு இருக்க எனக்கும் ஆசை இருக்கிறது. புருஷன் போன பிறகு முக்கால் ஏக்கர் மல்லிகையை ஒற்றை ஆளாகக் காப்பாற்றி, விடியுமுன் பறித்து வத்தலக்குண்டு பஸ்ஸில் ஏற்றி, மகள் தமிழ்நிலாவைக் கல்லூரி வரைக்கும் படிக்க வைத்தவள். இத்தனைக்கும் யாரைப் பற்றியும் ஒரு வார்த்தை தப்பாகப் பேசமாட்டாள் என்று ஊரில் நல்ல பேர் வேறு.

அந்த நல்ல பேர் ஒப்பிச்சான் கரடு போட்ட பிச்சை.

சேவுகம்பட்டிக்கு மேற்கே, எங்கள் வயல்களைத் தாண்டி நிற்கும் மொட்டைப் பாறைக் குன்று அது. அடிவாரத்து நாவல் மரத்துக்கு உள்பக்கம் நின்று எது பேசினாலும் வாங்கி வைத்துக்கொள்ளும். சரியாக ஒரு வருஷம் கழித்து, அதே நேரத்துக்கு, அதே குரலில் ஒப்பித்துவிடும். ஊருக்குள் கேட்காது, நாவல் மரம் வரைக்கும்தான். ஆகவே யார்மேல் ஆத்திரம் வந்தாலும் நாங்கள் அங்கே போய்க் கத்திவிட்டு வருவோம். மறுவருஷம் அது ஒப்பிக்கும்போது ஆடுகள் கேட்டுக்கொண்டே மேயும். உங்கள் ஊரில் சண்டை சச்சரவே இல்லையே என்று வெளியூர்க்காரர்கள் மெச்சுவார்கள். எங்கள் லட்சணம் ஆடுகளுக்குத்தான் தெரியும்.

போன ஆவணி, வளர்பிறை பஞ்சமி காலையில் சிவனம்மாளுக்கும் தம்பி கருப்பணனுக்கும் முட்டிக்கொண்டது. இருவருக்கும் பொதுக்கிணறு. அவள் தண்ணீர் முறையில் அவன் தன் வயலுக்கு மோட்டாரைப் போட்டுவிட்டான். அவள் அவனிடம் ஒன்றும் பேசவில்லை. நேரே கரட்டுக்கு நடந்தாள். அன்றோடு அக்காள் தம்பி பேச்சு நின்றது.

இந்த ஆவணியில் தமிழ்நிலாவுக்குக் கல்யாணம் கூடியது. தாய்மாமன் மாலை போட்டுக் கையைப் பிடித்துக் கூட்டி வராமல் பொண்ணை மணையில் உட்கார வைக்க எங்கள் பக்கம் வழக்கமில்லை. மாப்பிள்ளை வீட்டார் முதலில் கேட்டதே, "மாமன் வருவார்ல?" என்றுதான். சிவனம்மாள் வீம்பை மடித்து வைத்துவிட்டு வெற்றிலைபாக்குத் தட்டோடு தம்பி வாசலில் போய் நின்றாள்.

"ஒரு வருசமா என்னையப் பத்தி யார்ட்டயும் ஒரு வார்த்தை தப்பாப் பேசலையாமேக்கா. அந்த மரியாதைக்காக வாரேன்" என்றான் கருப்பணன். பாவி மனுஷன், கண்கூடக் கலங்கினான்.

கல்யாணத்தைக் கரட்டடிக் கன்னிமார் கோயிலில் வைப்பதாக அவளுக்கு நேர்த்திக்கடன். கோயிலோ நாவல் மரத்துக்கு உள்பக்கம். "மதினி, உங்க ஏச்சு திரும்பி வார நாளாச்சே, பாத்துக்கிட்டீகளா?" என்று கேட்டேன்.

"அதெல்லாம் தமிழ்நிலா செல்லுல பதிஞ்சு வச்சிருக்கா. கல்யாணம் முடிஞ்சு பதினோரு நாள் கழிச்சுத்தான் வருது" என்றாள். செல் சொன்னது இங்கிலீஷ் தேதி. கரடு பிறையைப் பார்த்து வருஷத்தைக் கணக்கிடுகிற ஜென்மம். முகூர்த்தமோ அதே வளர்பிறை பஞ்சமியில். எனக்கும் அப்போது உறைக்கவில்லை. செல்லே சொல்லிவிட்டதே என்று தலையை ஆட்டிவிட்டு வந்தேன்.

ஏழரைக்குள் முகூர்த்தம். ஏழு மணிக்குக் கருப்பணன் பட்டு வேட்டி சரசரக்க மாலையைக் கையில் எடுத்தான். மேளக்காரர் செத்த நேரம் ஓய்ந்தார். கரடு வாயைத் திறந்தது.

"ஏலே கருப்பணா! என் முறைத்தண்ணியத் திருடுன நீ வெளங்குவியா? உன் மோட்டாரு புகைஞ்சு போக! தாய்மாமனாம் தாய்மாமன்! என் மக கல்யாணத்துல உன் நிழலு விழுந்துச்சு, என் செருப்பால நானே அடிச்சுக்கிறேன்லே!"

மாப்பிள்ளை வீட்டார் தரையைப் பார்த்தார்கள். தமிழ்நிலா அழ ஆரம்பித்தாள். கருப்பணன் மாலையைத் தட்டில் வைத்துவிட்டுத் துண்டை உதறித் தோளில் போட்டான். சிவனம்மாள் இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டாள். அவளை அப்படி நான் பார்த்ததே இல்லை.

ஆனால் கரடு இன்னும் முடிக்கவில்லை. ஏசிவிட்டுத் திரும்பி நடந்தவள் தனக்குள் முனகியதையும் அது வாங்கி வைத்திருந்தது.

"சனியன் பிடிச்ச பய... வெறும் வயித்தோட மோட்டாரப் போட வந்திருக்கான். சக்கரை வியாதிக்காரன். மாத்திரை முழுங்குனானோ என்னமோ."

கருப்பணன் பாறைப் பக்கம் திரும்பினான்.

"முழுங்கிட்டேன், முழுங்கிட்டேன்" என்றான், பாறையைப் பார்த்தே. பிறகு மாலையை எடுத்து மருமகள் கழுத்தில் போட்டு, கையைப் பிடித்து மணைக்குக் கூட்டிப்போனான். தாலி ஏறியதும் ஒரே கத்து: "எல்லாரும் பந்திக்குக் கிளம்புங்கப்பா! எட்டு மணிக்குள்ள மண்டபத்துக்குப் போயிரணும்!"

மண்டபம் ஊருக்குள் இருந்தது. என்ன அவசரம் என்று யாருக்கும் விளங்கவில்லை. சிவனம்மாளுக்கு விளங்கிவிட்டது. பொண்ணு மாப்பிள்ளையை வேனில் ஏற்றிவிட்டு வந்து கோயில் படியில் அழுத்தமாக உட்கார்ந்தாள்.

"வாக்கா, சாப்பாடு ஆறிரும்."

"நீ போ. நான் செத்த இருந்துட்டு வாரேன்."

நானும் போகவில்லை, பொய் சொல்வானேன். எட்டு மணிக்கு, போன வருஷம் அதே நாளில் கருப்பணன் வந்து ஏசிய குரல் கரட்டிலிருந்து இறங்கியது. "ஏ பூக்காரி! நீ என்ன மகாராணியா? உன் செடி மொட்டே வைக்காமப் போக! நீ செத்தாலும் நான் தோள் குடுக்க வரமாட்டேன்!"

அவள் முகம் சுளிக்கவில்லை. தலையைச் சாய்த்து, அதற்கு அப்புறம் ஏதாவது வருமா என்று காத்திருந்தாள். ஒரு பைக் உதைபட்டுக் கிளம்பிப் போகும் சத்தம் வந்தது. அவ்வளவுதான்.

அவள் தம்பியைப் பார்த்தாள். அவன் தலையைச் சொறிந்தான்.

"பைக்குல வந்தேன்க்கா. போற வழியிலதான் மனசு கேக்கலை."

சிவனம்மாள் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.

"அடுத்த தடவ நடந்து வாலே" என்றாள்.