வாடாத வெங்காயத் தாள்

மலைக் கிராமமான கவுஞ்சியில் பூண்டு பிடுங்கும் வாரத்துக்கு மட்டும் நதியா எப்படியாவது ஊர் வந்து சேர்ந்துவிடுவாள். மற்ற நாளெல்லாம் அவளுக்குச் சோலி துப்பாக்கிச் சத்தம் கேட்கிற ஊர்களில். திண்டுக்கல் நாளிதழ் ஒன்றில் விபத்துச் செய்தி எழுதத் தொடங்கியவள், வடகிழக்குக் கலவரங்களைப் பார்த்துவிட்டு, ஐந்து வருடமாக ஆப்பிரிக்காவில் ஒரு நாட்டின் உள்நாட்டுச் சண்டையையும், அதை அடக்க வந்த பன்னாட்டு அமைதிப்படையையும் பற்றி எழுதுகிறாள்.

இந்தத் தடவை முடியாத செய்தி ஒன்றோடு வந்திருந்தாள். அங்கே ஆற்றங்கரை ஊர் ஒன்றைக் கொளுத்திவிட்டார்கள். மூன்று முறை போன் செய்தும் படை வரவில்லை என்றார்கள், தப்பி வந்த இரண்டு பெண்கள். கொளுத்துவதற்குப் பத்து நாள் முன்பே ஊர் காலி, காப்பாற்ற அங்கே ஆளே இல்லை என்றது படையின் அறிக்கை.

நதியா பூண்டுப் பாத்தியில் குந்தியிருந்தபோது டெல்லியிலிருந்து பத்திரிகை ஆசிரியர் ராஜேஷ்குமார் கூப்பிட்டார்.

"ரெண்டு பேர் சொல்றது பத்தாது நதியா. மத்தியானத்துக்குள்ள ஆதாரம் வரலன்னா அறிக்கைய மட்டும் போட்டுருவேன்."

வரப்பிலிருந்து அம்மா முருகம்மாள் கத்தினாள். "போனப் புடிச்ச கைக்குப் பூண்டு புடுங்க வராதோ? கூலியாளா இருந்தா உன்னயத்தான் மொதல்ல நிப்பாட்டுவேன்."

போனைச் செருகிவிட்டுப் பிடுங்கினாள். ஒரு வரிசையைப் படுக்கப்போட்டு, அதன் பூண்டு மேல் அடுத்த வரிசையின் தாள் விழும்படி வைத்தாள். வெயில் சுடாமலிருக்க மலையில் எல்லாரும் செய்வதுதான். மூன்றாவது வரிசையில் கை நின்றது.

போனை எடுத்து எரிந்த ஊரின் படங்களைத் தேடினாள். கொளுத்திய மறுநாள் காலை படையின் வண்டியிலேயே போய் அவள் எடுத்தவை. அன்று கூரைகளைத்தான் பார்த்திருந்தாள். ஓரத்தில், பாதி பிடுங்கிய வெங்காயப் பாத்தி. இதே வரிசை. தாள் இன்னும் பச்சை.

"இத எப்பப் புடுங்கியிருப்பாகம்மா?"

முருகம்மாள் போனைக் கண்ணுக்குக் கிட்டே பிடித்தாள். "படம் எடுத்ததுக்கு மொத நாளு. மிச்சத்த ஏன் போட்டுட்டுப் போனாளுக, மழையா?"

"சுட்டாங்கம்மா."

அம்மா போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டாள்.

நதியா ராஜேஷ்குமாரைக் கூப்பிட்டாள். "என் படத்துல புடுங்கிப் போட்ட வெங்காயம் பச்சத் தாளோட கெடக்கு. அந்த வெயில்ல பத்து நாளு தாள் பச்சையா நிக்காது சார். எந்த விவசாயப் பேராசிரியர்கிட்ட வேணும்னாலும் காட்டுங்க."

"படைய எதுத்துப் போட்டா அடுத்த தடவை உன்ன வண்டில ஏத்த மாட்டாங்க."

"ஏத்தாட்டிப் போறாங்க. மொதல்ல கேளுங்க சார்."

கேட்டார். மிஞ்சினால் இரண்டு நாள் என்றாராம் பேராசிரியர். படத்தோடு செய்தி வந்தது. நான்காம் நாள் படையிலிருந்து மின்னஞ்சல்: இனி அவளுக்கு வண்டியில் இடமில்லை. காரணம் போடவில்லை.

"அப்ப இனிமே போக மாட்டேல்ல?" பூண்டைக் கட்டு கட்டிக்கொண்டே கேட்டாள் முருகம்மாள். குரலில் கொஞ்சம் சந்தோஷம்.

"போகணும்மா. படையில அந்தப் போன எடுத்தது யாரு, ஏன் வரலன்னு இன்னும் யாரும் சொல்லலயே."

"எதுல போவ?"

"அங்க சந்தைக்குப் போற லாரி ஓடுது. அந்த ஊருக்கு மூணு நாளாகும்."

முருகம்மாள் அடுத்த கட்டை இறுக்கி முடிச்சுப் போட்டாள். "லாரிக்காரன் பேரயும் நம்பரயும் எனக்குச் சொல்லிட்டு ஏறு."