ஞாயிற்றுக்கிழமைக் கடற்கரையில் அப்பா

எங்கள் அன்பு அப்பா தூத்துக்குடிக்குத் தெற்கே, இதே கடற்கரையில், சங்கு குளிக்கும் குடும்பத்தில் பிறந்தார்கள். எட்டாம் வகுப்போடு பள்ளி நின்றது. கடலுக்கடியில் மூச்சடக்கி உழைத்தே என்னைப் பொறியியலும் தம்பியைத் தொழிற்கல்வியும் படிக்க வைத்தார்கள். அந்த உழைப்பில் ஒரு காது கேட்காமல் போனது. அதை ஒருநாளும் குறையாகச் சொன்னதில்லை. அம்மா ஏசும்போது அந்தக் காதைத்தான் திருப்பி வைப்பார்கள்.

ஞாயிற்றுக்கிழமை எங்கள் ஊரில் யாரும் தொழிலுக்குப் போவதில்லை. வெளியூரார் குளிக்க வருவதும் அன்றுதான். எங்கள் கரையில் உயிர்காக்கும் காவலரோ எச்சரிக்கைப் பலகையோ கிடையாது. நான் பலமுறை மனு எழுதிக் கொடுத்தேன்.

"அவங்க வாரப்ப வரட்டும் மக்கா. அதுவர நான் இருக்கேன்" என்று, பூசை முடிந்ததும் அப்பா போய் உட்கார்ந்துவிடுவார்கள். உடன் இருப்பவை: நைலான் கயிறு, காற்றடித்த லாரி டியூப், விசில்.

"வீட்ல ஒரு மனுசி இருக்கது ஞாபகம் இருக்கா?" என்பார்கள் அம்மா.

"ஏளா, நீயும் வாயேன். காத்து வாங்குவோம்."

விசில் ஊதினால் குளிப்பவர்களுக்குக் கோபம் வரும். "அண்ணாச்சி, கடல் என்ன உங்க வீட்டுச் சொத்தா?" என்று ஒருவர் கேட்டார்.

"சொத்து இல்லய்யா, பாடுபடுத இடம். ஒங்களத் தூக்குத வேலையையும் எனக்கு வைக்காதிய" என்றார்கள் அப்பா. கேட்டவர் சிரித்துக்கொண்டே கரையேறினார்.

சென்ற ஆண்டு அந்த ஞாயிற்றுக்கிழமை காற்று பலமாக இருந்தது. குளிக்க வந்த ஓர் அண்ணனையும் தங்கையையும் அலை இழுத்துச் சென்றது. அப்பா முதலில் தங்கையைக் கரை சேர்த்தார்கள். மூச்சு வாங்க நின்ற அப்பாவின் கையை, அன்று உடன் போயிருந்த என் தம்பி பிடித்துக்கொண்டு, "நான் போறேம்ப்பா" என்றான்.

"நீ கயித்தப் பிடிலே" என்று சொல்லிவிட்டு அப்பா மீண்டும் உள்ளே போனார்கள். அந்த இளைஞர் டியூபைப் பிடித்துக் கரை சேர்ந்தார். அப்பா வரவில்லை.

வள்ளங்களை இறக்கித் தேடி, அப்பாவைக் கண்டெடுத்துத் தந்த எங்கள் ஊர் மீனவர்களுக்கும், அம்மாவைத் தனியே விடாத அயலாருக்கும், அடக்கத் திருப்பலி நிறைவேற்றிய பங்குத்தந்தைக்கும் எங்கள் நன்றி. பிழைத்த இருவரின் பெற்றோர் எங்கள் வாசலில் தயங்கி நின்றபோது, அம்மாதான் அவர்களை உள்ளே அழைத்தார்கள். அவர்கள் வந்ததற்கும் நன்றி.

காவலர் இன்னும் வரவில்லை. ஆகவே ஒரு வேண்டுகோள். ஞாயிறுதோறும் கரையில் முறைவைத்து உட்கார ஆட்கள் வேண்டும். நீந்தத் தெரியாதவர்கள் குரலாவது கொடுக்கலாம். எனக்கும் அவ்வளவுதான் முடியும். என் முறையை ஏற்றுக்கொண்டேன்.

தம்பி நன்றாக நீந்துவான். கூப்பிட்டால் உடனே வந்துவிடுவான். "இவனையும் கேட்டுறாதிய" என்று உங்களிடம் சொல்லச் சொன்னார்கள் அம்மா. தயவுசெய்து அவனைக் கூப்பிடாதீர்கள்.