பாய் சொன்னதும் கிரேக்கக் கவிதையும்

"…அதெல்லாம் சரி அண்ணாத்த, சிரிப்புக்கோசரம்தான் எழுதுன. ஆனா அது எம் பொண்ணு காலாச்சே?" என்றார் மாமல்லபுரத்துச் செருப்புக்கடை பாய்.

முந்தைய நாள் செங்கல்பட்டில் வாசகர் கூட்டம். ஈராயிரம் வருடத்துக்கு முந்தைய கிரேக்கச் சிரிப்புக் கவிதை ஒன்றைத் தமிழில் படித்தேன். பெண்களிடம் வாயாலேயே செருப்பு விற்கும் ஒரு கடைக்காரனின் கதை அது. எகிப்து மணலில் கிடைத்த கந்தல் சுருளிலிருந்து அறிஞர்கள் எழுத்தெழுத்தாகப் படித்தெடுத்தது. கிழிந்துபோன இடங்களை அவர்கள் வெறுமையாகவே விட்டிருந்தார்கள். எனக்குத்தான் அந்த அடக்கம் இல்லை. பாயின் பேச்சைப் போட்டு நிரப்பினேன். பெருமைப்படுவார் என்று அவரையே முதல் வரிசையில் உட்காரவும் வைத்தேன்.

"எந்தக் காலத் தொட்டாலும் செத்துப்போன எம் பொண்ணு காலு ஞாபகம் வருது." முன்பு டீக்கடையில் என்னிடம் மட்டும் அவர் சொன்ன இதையும் அந்தக் கடைக்காரன் வாயில் வைத்திருந்தேன். கடைக்காரனின் தந்திரம் என்று நினைத்துக் கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. கூடவே நானும் சிரித்தேன்.

மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன். அதற்குள் ஓர் அம்மா செருப்புக் கேட்டுக் கடைக்குள் வந்தார். எப்போதும் தானே குனிந்து மாட்டிவிடுகிற பாய், ஜோடியைத் தரையில் வைத்துவிட்டுக் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார்.